இரண்டு கோர்ட்டும் தடை உத்தரவு கொடுத்துவிட்டால் மதுரைக்குப் போகலாமா?

திண்டுக்கல் மாவட்டத்திலிருந்து ஒரு வாசகி எழுதிய கடிதம், சுருக்கமாக:

"ஐயா, எங்கள் பூமி ஒரே சர்வே நம்பரில் 1 ஏக்கர் 42 சென்ட். 1987ல் பதிவு செய்த பாகப்பிரிவினைப்படி என் வீட்டுக்காரருக்கு 82 சென்ட், அவர் அண்ணனுக்கு 60 சென்ட், கிணறு பொது. அண்ணன் குடும்பம் திருப்பூருக்குப் போய்விட்டதால் அந்த 60 சென்டையும் பல வருடமாக நாங்கள்தான் உழுதோம். வீட்டுக்காரர் இறந்த பிறகு அண்ணன் மகன் திரும்பி வந்து, 60 சென்ட் தன் அனுபவத்தில் இருப்பதாக முன்சீப் கோர்ட்டில் கேஸ் போட்டு என் மேல் தடை உத்தரவு வாங்கிவிட்டான். சப் கோர்ட்டில் அப்பீல் செய்தேன், நாலு மாதம் முன்பு தள்ளுபடி ஆகிவிட்டது. அவன் காட்டிய தீர்வை ரசீதை இரண்டு கோர்ட்டும் நம்பின. எங்கள் பத்திரத்தைப் பற்றி ஒரு வரி கூட எழுதவில்லை. இப்போது வி.ஏ.ஓ.விடம் பழைய அடங்கல் (யார் என்ன பயிர் செய்தார் என்ற கிராமக் கணக்கு) நகல் வாங்கியிருக்கிறேன். மதுரை ஹைகோர்ட்டில் செகண்ட் அப்பீல் போடலாம் என்கிறார் ஒருவர். ரிட் போடலாம் என்கிறார் இன்னொருவர். ஆறு மாதம் போனால் தடை தானாகச் செல்லாமல் போகும் என்றும் சொல்கிறார்கள். என் மகன் பொறுமை இழந்துவிட்டான், ராத்திரியில் போய் மோட்டாரைப் போடப் போகிறேன் என்கிறான். உத்தரவில் முழு சர்வே நம்பரையும் போட்டிருப்பதால் கிணற்றுப் பக்கம் போனாலே போலீசில் சொல்வேன் என்று அண்ணன் மகன் மிரட்டுகிறான். என்ன செய்யட்டும்?"

அன்புள்ள அம்மாவுக்கு,

முதலில் உங்கள் மகனைப் பற்றிச் சொல்லிவிடுகிறேன். ராத்திரியானாலும் பகலானாலும், தடை உத்தரவு இருக்கும்போது அவர் அந்த மோட்டாரைத் தொட வேண்டாம். உத்தரவு தப்பாகவே இருக்கலாம். அதை ஒரு கோர்ட் மாற்றும்வரை அதற்குக் கட்டுப்பட்டே ஆக வேண்டும். சிவில் நடைமுறைச் சட்டத்தின் 39ஆம் கட்டளையில் 2ஏ என்று ஒரு விதி இருக்கிறது. தடையை மீறியவரின் சொத்தை ஜப்தி செய்யலாம், மூன்று மாதம் வரை சிவில் சிறையிலும் வைக்கலாம் என்கிறது அது. ஜெயில்கூட இரண்டாவது கவலைதான். ஒருமுறை மீறியவர் என்ற பெயர் வந்துவிட்டால், நாளைக்கு நியாயம் கேட்டு நீங்கள் எந்த நீதிபதி முன்னால் நின்றாலும் எதிர்த்தரப்பு வக்கீல் முதலில் அதைத்தான் படிப்பார். இப்போது உங்கள் கையில் நல்ல வழி ஒன்று இருக்கிறது. அதைக் கெடுத்துக்கொள்ள வேண்டாம்.

இனி உங்கள் கேள்விகள்.

செகண்ட் அப்பீல் கிடையாது. கீழ்க் கோர்ட் ஒரு வழக்கை முழுதாக விசாரித்துத் தீர்ப்பு எழுதி, முதல் அப்பீலும் முடிந்த பிறகுதான் 100ஆம் பிரிவின் கீழ் இரண்டாவது அப்பீல் வரும். உங்களுக்கு வந்திருப்பது தீர்ப்பு இல்லை, வழக்கு நடக்கும்போது போடப்பட்ட இடைக்கால உத்தரவு. அதற்கு 43ஆம் கட்டளை, விதி 1(ஆர்) ஒரே ஒரு அப்பீல் கொடுக்கிறது. வக்கீல்கள் சி.எம்.ஏ. (சிவில் மிசலேனியஸ் அப்பீல்) என்று சொல்வார்களே, அதுதான். அதை நீங்கள் சப் கோர்ட்டில் போட்டு முடித்துவிட்டீர்கள். அப்படி அப்பீலில் சொல்லப்பட்ட முடிவின் மேல் இன்னொரு அப்பீல் இல்லை என்று 104ஆம் பிரிவின் இரண்டாம் உட்பிரிவு நேராகவே சொல்கிறது.

ரிட்டும் முடியாது. 2003ல் சூர்யதேவ் ராய் வழக்கில் உச்ச நீதிமன்றம் அதற்கு ஒரு வழி வைத்திருந்தது. ஆனால் 2015ல் ராதே ஷ்யாம் வழக்கில் மூன்று நீதிபதிகள் அமர்வு அதை மூடிவிட்டது. சிவில் கோர்ட் நீதிபதி ஒரு வழக்கில் போடும் உத்தரவை எதிர்த்து அரசியல் சாசனத்தின் 226ஆம் பிரிவின் கீழ் ரிட் கேட்க முடியாது என்பதுதான் இன்றைய சட்டம். ரிட் போடச் சொன்னவர் பழைய நினைவில் சொல்லியிருக்கலாம்.

அடுத்து 115ஆம் பிரிவு, அதாவது சீராய்வு. முன்பெல்லாம் முன்சீப் கோர்ட்டில் ஒரு சின்ன ஐ.ஏ. (இடைக்கால மனு) தள்ளுபடியானாலும் அடுத்த வாரமே ஹைகோர்ட்டில் சி.ஆர்.பி. (சிவில் சீராய்வு மனு) நிற்கும். 1999ல் சட்டத்தைத் திருத்தினார்கள், 1-7-2002 முதல் அது நடைமுறைக்கு வந்தது. இப்போது ஹைகோர்ட் கேட்கும் கேள்வி இது: இந்த உத்தரவு மனு போடுகிறவர் பக்கமே வந்திருந்தால், வழக்கு அதோடு முடிந்திருக்குமா? உங்கள் விஷயத்தில் முன்சீப் அந்தத் தடை மனுவைத் தள்ளுபடி செய்திருந்தாலும் மூல வழக்கு நடந்துகொண்டுதான் இருந்திருக்கும். அதனால் 115 உங்களுக்குப் பயன்படாது. தடை உத்தரவு வழக்குகளில் அநேகமாக யாருக்குமே பயன்படாது.

மிச்சம் இருப்பது அரசியல் சாசனத்தின் 227ஆம் பிரிவு. "சி.ஆர்.பி. போடலாம்" என்று இன்று எந்த வக்கீலாவது சொன்னால் அவர் பெரும்பாலும் இதைத்தான் சொல்கிறார். தன் எல்லைக்குள் இருக்கும் எல்லாக் கோர்ட்டுகளையும் கண்காணிக்க ஹைகோர்ட்டுக்கு இருக்கும் அதிகாரம் இது. இதற்கு இத்தனை நாளுக்குள் போட வேண்டும் என்று சட்டத்தில் கெடு இல்லை. ஆனால் காரணமில்லாமல் தாமதித்தால் அதுவே எதிராகப் போகும். உங்களுக்கு நாலு மாதம் ஆகிவிட்டது, பெரிய தாமதம் என்று சொல்ல மாட்டேன், இதற்கு மேல் போக விடாதீர்கள்.

இங்கேதான் கொஞ்சம் நின்று புரிந்துகொள்ள வேண்டும். கண்காணிப்பு வேறு, அப்பீல் வேறு. 1954லேயே வர்யாம் சிங் வழக்கில் ஐந்து நீதிபதிகள் அமர்வு இதைத் தெளிவாக்கிவிட்டது: கீழ்க் கோர்ட்டுகள் தங்கள் அதிகார எல்லைக்குள் இருக்கின்றனவா என்று பார்ப்பதற்கு உள்ள அதிகாரம் இது, சாதாரணத் தவறுகளைத் திருத்துவதற்கு உள்ளது இல்லை. 2010ல் ஷாலினி ஷெட்டி வழக்கில், சொத்துத் தகராறுகளில் 227ஐ அன்றாட மருந்து போலப் பயன்படுத்துவதை உச்ச நீதிமன்றம் கடுமையாகவே கண்டித்தது. 2022ல் கார்மென்ட் கிராஃப்ட் வழக்கிலும் அதே பேச்சு: ஹைகோர்ட் சாட்சியத்தை மறுபடி எடைபோட்டு, கீழ்க் கோர்ட் எடுத்த முடிவுக்குப் பதிலாகத் தன் முடிவை வைக்கக் கூடாது.

அதனால் மதுரையில் நீதிபதி உங்கள் வக்கீலிடம் "உத்தரவு தப்பா?" என்று கேட்க மாட்டார். கேட்டாலும் அதோடு நிற்க மாட்டார். ஒரு ஆதாரமும் இல்லாமல் போட்ட உத்தரவா? கண்ணெதிரே இருந்த முக்கியமான ஆவணத்தைத் திரும்பிக்கூடப் பார்க்காமல் போட்டதா? கேட்டதற்கு மேல் கொடுத்ததா? சட்டம் தெரிந்த எந்த நீதிபதியும் வந்திருக்க முடியாத முடிவா? இந்தக் கேள்விகளில் ஒன்றுக்காவது ஆம் என்று பதில் இருந்தால் மனு நிற்கும். "இரண்டு விதமாகவும் சொல்லலாம், அவர்கள் ஒரு விதமாகச் சொன்னார்கள்" என்றால் நிற்காது. உங்களுக்கு எதிராக முன்சீப், சப் ஜட்ஜ் இருவருமே ஒரே முடிவுக்கு வந்திருப்பதால் அந்த வாசல் இன்னும் குறுகலாகிறது.

சப் கோர்ட்டே சரியாகப் பார்க்கவில்லை என்ற வருத்தம் உங்கள் கடிதம் முழுக்க இருக்கிறது. அதில் ஒரு பகுதி நியாயம், அதற்குப் பிறகு வருகிறேன். இன்னொரு பகுதிக்குச் சட்டமே காரணம். தடை கொடுப்பதும் மறுப்பதும் விசாரிக்கும் நீதிபதியின் விருப்புரிமை. 1990ல் வாண்டர் கம்பெனி வழக்கு, ஒரு மருந்தின் வணிகப் பெயர் பற்றிய தகராறு, சென்னை ஹைகோர்ட்டிலிருந்துதான் டெல்லிக்குப் போனது. தனி நீதிபதி தடை மறுத்தார், அப்பீலில் இரு நீதிபதி அமர்வு தடை கொடுத்தது, உச்ச நீதிமன்றம் அந்த அமர்வின் உத்தரவை ரத்து செய்தது. முதலில் விசாரித்த நீதிபதி நியாயமாகவும் முறையாகவும் யோசித்து ஒரு முடிவுக்கு வந்திருந்தால், "நானாக இருந்தால் வேறு மாதிரி செய்திருப்பேன்" என்ற காரணத்துக்காக அப்பீல் கோர்ட் அதை மாற்றக் கூடாது. தான்தோன்றியாகவோ, தாறுமாறாகவோ, தடைக்கான அடிப்படை விதிகளையே விட்டுவிட்டோ முடிவெடுத்திருந்தால் மாற்றலாம். 2013ல் மெஹ்தாப் கான் வழக்கிலும், 2024 நவம்பரில் ராமகாந்த் சோக்சி வழக்கிலும் இதையே திரும்பச் சொல்லியிருக்கிறார்கள். முதல் அப்பீலிலேயே சப் ஜட்ஜ் கை ஓரளவு கட்டப்பட்டிருக்கிறது. மதுரையில் அது இன்னும் இறுக்கம்.

ஏன் இப்படி என்று உங்களுக்குக் கோபம் வரலாம். எனக்கு இந்தக் கட்டுப்பாட்டின் மேல் கோபம் இல்லை, நன்றிதான். பூமி யாருடையது என்று சாட்சிக் கூண்டில் ஏறி யாரும் ஒரு வார்த்தை சொல்வதற்கு முன்னால், இடைக்காலத் தடை ஒன்றை வைத்துக்கொண்டு முன்சீப் கோர்ட், சப் கோர்ட், ஹைகோர்ட், சுப்ரீம் கோர்ட் என்று ஏறி இறங்கிய குடும்பங்களை எங்கள் தொழிலில் இருக்கும் எல்லோரும் பார்த்திருக்கிறோம். அந்தச் சண்டை முடிந்த பிறகு மூல வழக்கின் ஆவணக் கட்டை எடுத்துப் பார்த்தால் எதிருரை, அதாவது பிரதிவாதி தரும் பதில் கூடத் தாக்கலாகி இருக்காது. அதற்குள் வாதியும் போய்ச் சேர்ந்திருப்பார், பிரதிவாதியும் போய்ச் சேர்ந்திருப்பார். பிள்ளைகள் வந்து வாரிசாகச் சேர்ந்துகொண்டிருப்பார்கள். இடைக்கால உத்தரவை ஒரு இடத்தில் நிறுத்தாவிட்டால் உங்களைப் போன்றவர்களுக்குத்தான் நஷ்டம், பணமும் ஆள்பலமும் உள்ளவர்களுக்கு இல்லை.

சரி, உங்கள் கடிதத்துக்கு வருகிறேன். அதில் மூன்று குறைகள் இருக்கின்றன. மூன்றையும் ஒரே மூட்டையாகக் கட்டி மதுரைக்கு எடுத்துப்போனால் நல்லதும் சேர்ந்து தோற்றுப்போகும். பிரித்துப் பார்ப்போம்.

முதல் குறை, 60 சென்ட் உங்கள் அனுபவத்தில் இருந்தது, ஆனால் அண்ணன் மகன் காட்டிய தீர்வை ரசீதை நம்பிவிட்டார்கள் என்பது. இதை மதுரைக்குக் கொண்டுபோக வேண்டாம். ரசீது என்பது ஒரு ஆதாரம், அதற்கு எவ்வளவு மதிப்புக் கொடுப்பது என்பது கீழ்க் கோர்ட் வேலை. அதோடு, நீங்கள் நம்பியிருக்கும் 1987 பாகப்பிரிவினைப் பத்திரமே அந்த 60 சென்ட் அவருடைய அப்பாவுக்கு என்றுதான் சொல்கிறது. பத்திரமும் ரசீதும் அவர் பக்கம் இருக்க, "உழுதது நாங்கள்" என்பது மட்டும் உங்கள் பக்கம் இருக்கிறது. அதை நிரூபிக்க அக்கம்பக்கத்துக்காரர்கள் சாட்சி சொல்ல வேண்டும், குறுக்கு விசாரணை நடக்க வேண்டும். அதற்கான இடம் மூல வழக்கு. அங்கேயும் இது கஷ்டமான பகுதி என்பதை உங்களிடம் மறைக்க விரும்பவில்லை. கூடப்பிறந்தவன் வெளியூரில் இருக்கும்போது அவன் பங்கைச் சேர்த்து உழுதால், அவனுக்காக உழுததாகவே கோர்ட் முதலில் நினைக்கும்.

இரண்டாவது, இப்போது கிடைத்திருக்கும் அடங்கல் நகல். நல்ல ஆவணம், பத்திரமாக வைத்துக்கொள்ளுங்கள். ஆனால் முன்சீப் முன்னாலோ சப் ஜட்ஜ் முன்னாலோ இல்லாத ஒரு காகிதத்தை அவர்கள் பார்க்கவில்லை என்று குற்றம் சொல்ல முடியாது. அப்பீல் நடக்கும்போதே கிடைத்திருந்தால் 41ஆம் கட்டளை, 27ஆம் விதிப்படி கூடுதல் ஆவணமாகத் தாக்கல் செய்ய மனு போட்டிருக்கலாம். அது முடிந்த கதை. 227ல் புது ஆவணத்தைக் கட்டோடு சேர்த்துவிட்டு "இதைப் பாருங்கள் ஐயா" என்று சொல்வது வீண்.

மூன்றாவது குறையை நீங்கள் கடைசி வரியில் போகிற போக்கில் எழுதிவிட்டீர்கள். எனக்கு அதைப் படித்ததும்தான் நிமிர்ந்து உட்காரத் தோன்றியது. அவர் பிராதில், அதாவது வழக்கு மனுவில், கேட்பது 60 சென்ட். தடை உத்தரவில் இருப்பதோ முழு சர்வே நம்பர், 1 ஏக்கர் 42 சென்ட். அப்படியென்றால் எழுத்துப்படி உங்களுக்குச் சொந்தமான 82 சென்டுக்குள்ளேயே நீங்கள் கால் வைக்கக் கூடாது. பொதுக் கிணற்றில் தண்ணீர் எடுக்கக் கூடாது. எந்தக் கோர்ட்டும் தெரிந்து இப்படிச் சொல்லியிருக்காது. பிராதின் சொத்து விவரத்தில் சர்வே நம்பரையும் அதன் நான்கு எல்லைகளையும் எழுதி, "இதற்குள் 60 சென்ட்" என்று தெளிவாகப் பிரித்துக் காட்டாமல் விட்டிருப்பார்கள். உத்தரவு அந்த விவரத்தை அப்படியே தூக்கிப் போட்டுக்கொண்டிருக்கும். சொத்து விவரத்தில் செய்யும் இந்தச் சோம்பேறித்தனம் எத்தனை குடும்பங்களை அலைக்கழிக்கிறது என்று நினைத்தால் வயிறு எரிகிறது.

"எங்கள் பத்திரத்தைப் பற்றி ஒரு வரி கூட எழுதவில்லை" என்று நீங்கள் வருந்தியதும் இங்கேதான் பொருந்துகிறது. 60 சென்டைப் பொறுத்தவரை அந்தப் பத்திரத்தைப் பேசாமல் விட்டதால் உங்களுக்குப் பெரிய நஷ்டம் இல்லை. 82 சென்டையும் கிணற்றையும் பொறுத்தவரை பேசாமல் விட்டது பெரிய பிழை. பதிவு செய்த பத்திரம், இரு தரப்பும் ஒத்துக்கொள்ளும் பத்திரம், உங்கள் தரப்பு ஆவணமாகக் குறியீடு செய்யப்பட்டிருந்தால், அதைத் தொடாமல் முழு சர்வே நம்பருக்கும் தடை போட்டது ஹைகோர்ட்டே கவனிக்கக்கூடிய பிழை. கேட்டதற்கு மேல் கொடுத்தது ஒன்று, முக்கிய ஆவணத்தைப் பார்க்காதது இன்னொன்று.

அப்படியானால் இந்த ஒரு காரணத்தோடு உடனே மதுரைக்குப் போகலாமா? போகலாம், ஆனால் நான் அதை இரண்டாவது படியாக வைப்பேன். 39ஆம் கட்டளையின் 4ஆம் விதி, தடை உத்தரவை ரத்து செய்யவோ மாற்றவோ அதைப் போட்ட கோர்ட்டிடமே கேட்க வழி செய்கிறது. இரு தரப்பையும் கேட்டுப் போட்ட உத்தரவு என்றால் சும்மா மாற்ற மாட்டார்கள். சூழ்நிலை மாறியிருக்க வேண்டும், அல்லது அந்த உத்தரவால் ஒரு தரப்புக்கு அநியாயமான கஷ்டம் ஏற்பட்டிருக்க வேண்டும். சொந்தப் பூமிக்குப் போக முடியவில்லை, பொதுக் கிணற்றுத் தண்ணீர் இல்லாமல் பயிர் காய்கிறது என்பதைவிட வேறு என்ன கஷ்டம் வேண்டும்? "தடையை ரத்து செய்யுங்கள்" என்று கேட்க வேண்டாம். "தடை 60 சென்டுக்கு மட்டும் என்று வரையறுங்கள், கிணற்றில் பத்திரப்படி எனக்குள்ள பங்கைத் தடுக்கக் கூடாது என்று தெளிவாக்குங்கள்" என்று மட்டும் கேளுங்கள். கேட்பதைச் சுருக்கினால் கிடைக்கும் வாய்ப்பு கூடும். அவருடைய வக்கீலுக்கும் எதிர்த்துப் பேசக் கஷ்டமாக இருக்கும், பிராதிலேயே 60 சென்ட் என்றுதானே எழுதியிருக்கிறார்கள்.

"சப் கோர்ட் உறுதி செய்த உத்தரவை முன்சீப் எப்படி மாற்றலாம்" என்று ஆட்சேபம் வரும். உறுதியான முடிவை நீங்கள் புரட்டச் சொல்லவில்லை, அதில் சேராத பூமியைப் பிரித்துக்காட்டத்தான் கேட்கிறீர்கள் என்பது பதில். இதில் என்னோடு ஒத்துப்போகாமல் நேராக 227க்கே போகச் சொல்லும் வக்கீல்களும் உண்டு, அவர்கள் சொல்வதிலும் நியாயம் இருக்கிறது. என் கணக்கு வேறு காரணத்தால் வருகிறது. 2019ல் விருதுநகர் இந்து நாடார்கள் தர்ம பரிபாலன சபை வழக்கில், சிவில் நடைமுறைச் சட்டத்திலேயே ஒரு பரிகாரம் இருக்கும்போது அது 227க்குக் கிட்டத்தட்ட முழுத் தடை என்று உச்ச நீதிமன்றம் சொன்னது. அதுவும் மதுரைக் கிளையின் எல்லைக்குள் எழுந்த தகராறு, அங்கே எல்லா நீதிபதிகளுக்கும் தெரிந்த தீர்ப்பு. அதற்கு முன்பே 2000த்தில் வெங்கடசுப்பையா நாயுடு வழக்கிலும் இதே எச்சரிக்கை வந்தது. நீங்கள் நேராகப் போனால் "4ஆம் விதி இருக்கிறதே, ஏன் அங்கே கேட்கவில்லை?" என்ற கேள்விக்கு உங்கள் வக்கீல் திணற நேரும். இங்கே கேட்டு, மறுக்கப்பட்டு, பிறகு போனால் அந்தக் கேள்வி எழாது.

இன்னொரு லாபமும் இருக்கிறது. 4ஆம் விதியின் கீழ் முன்சீப் மறுத்தால் அந்த மறுப்புக்கு 43ஆம் கட்டளைப்படி புதிதாக ஒரு அப்பீல் உண்டு. 30 நாளுக்குள் சப் கோர்ட்டில் போட வேண்டும். அங்கேயும் முடியாவிட்டால், அப்போது மதுரை. அந்த நேரத்தில் உங்கள் கையில் "இரண்டு கோர்ட்டிலும் என் 82 சென்ட் பற்றிக் கேட்டேன், பதில் இல்லை" என்று காட்ட ஒரு சுத்தமான வழக்கு இருக்கும்.

மனுவோடு இன்னொன்றையும் சேர்த்துப் போடுங்கள். 26ஆம் கட்டளை, 9ஆம் விதிப்படி ஒரு அட்வகேட் கமிஷனரை நியமித்து, தாலுகா சர்வேயர் உதவியோடு 60 சென்டையும் 82 சென்டையும் கிணற்றையும் அளந்து வரைபடம் தாக்கல் செய்யச் சொல்லிக் கேளுங்கள். மனுவில் வார்த்தையைக் கவனமாகப் போட வேண்டும். "யார் அனுபவத்தில் இருக்கிறது என்று பார்த்து அறிக்கை தர வேண்டும்" என்று எழுதினால் தள்ளுபடி ஆகும், அனுபவத்துக்குச் சாட்சியம் சேகரிக்கக் கமிஷனரை அனுப்ப மாட்டார்கள். "எல்லையை அடையாளம் கண்டு அளக்க வேண்டும், கிணறும் மோட்டார் அறையும் எந்த இடத்தில் இருக்கின்றன என்று குறிக்க வேண்டும்" என்று எழுதுங்கள். அந்த வரைபடம் வந்துவிட்டால் இன்று மனுவுக்கும் பயன்படும், நாளைக்கு மூல வழக்குக்கும் பயன்படும்.

ஆறு மாதக் கதையைக் கேட்டிருந்தீர்கள். 2018ல் ஏஷியன் ரீசர்ஃபேசிங் வழக்கில் உச்ச நீதிமன்றம் ஒரு விதி சொன்னது. கீழ்க் கோர்ட்டில் நடக்கும் வழக்கை மேல் கோர்ட் ஸ்டே போட்டு நிறுத்தி வைத்தால், அந்த ஸ்டே ஆறு மாதத்தில் தானாக முடியும், காரணம் சொல்லி நீட்டித்தால்தான் தொடரும் என்றார்கள். அது விசாரணையை நிறுத்திவைக்கும் ஸ்டே பற்றிய பேச்சு, உங்களுக்கு வந்திருப்பது போன்ற நிலத் தடை பற்றியது இல்லை. 2024 பிப்ரவரி 29ல் ஐந்து நீதிபதிகள் அமர்வு அந்த விதியையே நீக்கிவிட்டது. ஆக, யாராவது ஆறு மாதம் முடிந்துவிட்டது என்று சொல்லி உங்கள் மகனைக் கிளப்பிவிட்டால் நம்பாதீர்கள். முன்சீப் உத்தரவில் "வழக்கு முடியும் வரை" என்று இருந்தால் வழக்கு முடியும் வரைதான்.

அதே 2024 தீர்ப்பில் இன்னொரு விஷயமும் இருக்கிறது. மூல வழக்கை ஆறு மாதத்தில் முடிக்கச் சொல்லி ஹைகோர்ட்டில் உத்தரவு வாங்கிவிடலாம் என்று பலர் மனு போடுவது வழக்கம். அப்படிக் கெடு விதிப்பதை உயர் நீதிமன்றங்களும் உச்ச நீதிமன்றமும் சாதாரணமாகத் தவிர்க்க வேண்டும், விதிவிலக்கான சந்தர்ப்பத்தில்தான் செய்ய வேண்டும் என்று அந்த அமர்வு சொல்லிவிட்டது. எல்லாக் கட்டுகளும் ஒரே மேஜையில் காத்திருக்கும்போது வசதி உள்ளவர் மட்டும் முந்திக்கொள்வது சரியில்லை என்ற எண்ணம் அதில் இருக்கிறது. விசாரணையைத் துரிதப்படுத்த உங்கள் கையிலேயே இருப்பது, நீங்கள் வாய்தா கேட்காமல் இருப்பது. எதிருரை தாக்கல் ஆகிவிட்டதா என்று இந்த வாரமே வக்கீலிடம் கேளுங்கள். எழுவினாக்கள், அதாவது கோர்ட் முடிவு செய்ய வேண்டிய கேள்விகள், வனைந்தாயிற்றா என்று கேளுங்கள். இல்லாவிட்டால் அதற்கு மெமோ போடச் சொல்லுங்கள். எதிருரையோடு கிணற்றுப் பங்குக்கு எதிர்க்கோரிக்கை வைக்க வேண்டுமா என்றும் பேசுங்கள். வெறும் பிரதிவாதியாக நின்று வழக்கை ஜெயித்தால் அவருடைய வழக்கு தள்ளுபடி ஆகும், அவ்வளவுதான். உங்கள் தண்ணீருக்கு உத்தரவு வேண்டுமென்றால் நீங்கள்தான் கேட்க வேண்டும்.

இன்னொரு பயமும் உங்களுக்கு இருக்கிறது என்று நினைக்கிறேன், நேராக எழுதவில்லை. இரண்டு கோர்ட் அவர் பக்கம் சொல்லிவிட்டதே, கடைசித் தீர்ப்பும் அப்படித்தானே வரும் என்ற பயம். அப்படி இல்லை. தடை மனுவில் நீதிபதி பார்ப்பது மேலோட்டமாக ஒரு முகாந்திரம் இருக்கிறதா, யாருக்குக் கஷ்டம் அதிகம், பிற்பாடு பணத்தால் ஈடுகட்ட முடியாத நஷ்டம் வருமா என்பதை மட்டும். அதில் எழுதிய எதுவும் மூல வழக்கைக் கட்டுப்படுத்தாது. சாட்சியம் எல்லாம் வந்த பிறகு அதே முன்சீப் வேறு முடிவுக்கு வரலாம், வந்தும் இருக்கிறார்கள். போதிய காரணம் இல்லாமல் தடை வாங்கியிருந்தார் என்று கடைசியில் தெரிந்தால், 95ஆம் பிரிவின் கீழ் 50,000 ரூபாய் வரை நஷ்டஈடு கேட்கவும் இடம் இருக்கிறது. அதை இன்று நம்பிக்கொண்டிருக்க வேண்டாம், தெரிந்து வைத்துக்கொண்டால் போதும்.

மதுரைக்குப் போய்த் தோற்றால் என்ன நஷ்டம் என்றும் யோசியுங்கள். சி.ஆர்.பி. நிலுவையில் இருக்கிறது என்பதால் மட்டும் கீழே வழக்கு நிற்க வேண்டியதில்லை. ஆனால் நடைமுறையில் "ஹைகோர்ட்டில் இருக்கிறது" என்று சொல்லி வாய்தா வாங்குவது மிகச் சுலபம், அதில் வருடக்கணக்கில் போய்விடும். மனு தள்ளுபடியானால் அங்கேயே இரு நீதிபதி அமர்வுக்கு அப்பீல் கிடையாது. அதன் பிறகு டெல்லிக்குத்தான் போக வேண்டும், இடைக்கால உத்தரவுக்காக அங்கே சிறப்பு அனுமதி கிடைப்பது அபூர்வம். அந்தச் செலவில் பாதி இருந்தால் மூல வழக்கை ஒழுங்காக நடத்தி முடித்துவிடலாம்.

கடைசியாகச் சில கைவேலைகள். முன்சீப் உத்தரவு, சப் கோர்ட் உத்தரவு, பிராது, அதன் சொத்து விவரம் ஆகியவற்றுக்குச் சான்றிட்ட நகல் போட்டு வாங்குங்கள். மிரட்டலோடு தண்ணீரைத் தடுத்த தேதிகளை ஒரு நோட்டில் எழுதி வையுங்கள், பயிர் காய்ந்ததைத் தேதி தெரியும்படி போட்டோ எடுங்கள், வி.ஏ.ஓ.விடம் பயிர் நிலை பற்றி ஒரு மனுக் கொடுத்து அதன் நகலில் கையெழுத்து வாங்குங்கள். "அநியாயமான கஷ்டம்" என்று மனுவில் எழுதினால் மட்டும் போதாது, காட்ட வேண்டும். போலீஸ் வந்தால் சண்டை வேண்டாம். உத்தரவின் நகலையும் பிராதின் நகலையும் காட்டி, வழக்கு 60 சென்டுக்குத்தான், மாற்றக் கேட்டு மனு போட்டிருக்கிறோம் என்று எழுதிக் கொடுங்கள். 4ஆம் விதி மனு உங்களுக்குச் சாதகமாக முடிந்தால் அன்றைக்கே சப் கோர்ட்டில் 148ஏ பிரிவின் கீழ் ஒரு கேவியட் (என்னைக் கேட்காமல் உத்தரவு போடாதீர்கள் என்ற முன்மனு) போட்டுவிடுங்கள், 90 நாள் செல்லும். அவர் அப்பீல் போனால் உங்களைக் கேட்காமல் ஸ்டே வாங்க முடியாது. இப்போது நடக்கும் வழக்கில் எதிருரைக்கு என்ன தேதி போட்டிருக்கிறது என்பதை மட்டும் நாளைக்கே விசாரித்துவிடுங்கள், மற்றதெல்லாம் அதற்குப் பிறகுதான்.